கண்டதே காட்சியா?

புதுக்கோட்டையில் பி.யு.சின்னப்பாவின் பேரை எடுத்தால் ஒரு கதை தவறாமல் வந்து விழும். சினிமாவில் சம்பாதித்ததையெல்லாம் ஊரில் வீடு வீடாக வாங்கிப் போட்டாராம். இப்படியே விட்டால் ஊரே அவருடையதாகிவிடும் என்று பயந்து, இனி அவருக்கு யாரும் வீடு விற்கக் கூடாதென்று சமஸ்தானமே உத்தரவு போட்டதாம். எந்த வருஷத்து உத்தரவு, யார் கையெழுத்து என்று கேட்டுப் பாருங்கள். சொன்னவர் சிரித்துவிட்டு அடுத்த கதைக்குப் போய்விடுவார். ‘உத்தம புத்திரன்’ (1940), ‘கண்ணகி’ (1942), ‘ஜகதலப்பிரதாபன்’ (1944), ‘மங்கையர்க்கரசி’ (1949) என்று ஒரு பத்தாண்டுக் காலம் கொட்டகைகளை நிறைத்தவர், 1951இல் முப்பத்தைந்து வயதில் இறந்துபோனவர். அப்படிப்பட்ட நடிகர், சொந்த ஊர்ப் பேச்சில் ஒரு சொத்து விவகாரமாக மிஞ்சி நிற்கிறார்.

இதற்கு ஊரை நொந்து பயனில்லை. தமிழ்நாடு முழுக்க வேரோடிப் போன ஒரு நினைப்பு இருக்கிறது: “சினிமா பார்க்கிறதுக்குத்தானே, அதுல படிக்கிறதுக்கு என்ன இருக்கு?” ரசிகர் மட்டும் சொல்வதில்லை. கல்லூரி ஆசிரியர் சொல்கிறார், நூலகத்துக்குப் புத்தகம் தேர்ந்தெடுப்பவர் சொல்கிறார், சினிமாவில் சேர வந்த உதவி இயக்குநரும் சொல்கிறார். புத்தகத் திருவிழாவில் சினிமா வரலாற்று நூல்களைத் தேடுகிறவர் பெரும்பாலும் சமையல் குறிப்புக்கும் ராசிபலனுக்கும் நடுவில்தான் குனிய வேண்டியிருக்கிறது. இப்போது அந்த நினைப்புக்குப் புதிதாக ஒரு முட்டுக் கிடைத்திருக்கிறது. “எல்லாம்தான் யூடியூபில் இருக்கே!”

இல்லை. முதல் பொய்யே அதுதான்.

ஆர்.நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசக வதம்’, தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படம். அதில் ஒரு காட்சிகூட இன்று இல்லை. அது 1916இல் வந்ததா, 1917இலா, 1918இலா என்பதில் எழுதியவர்களே ஒத்துப்போகவில்லை. இந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் ஆயிரத்தைத் தாண்டும். மிஞ்சியவை சில முழுப் படங்களும் சில துண்டுகளும். நைட்ரேட் சுருள் சுலபமாகத் தீப்பிடிக்கும், நாள்பட்டால் பொடிந்துபோகும். அதற்குத் தப்பியதையும் வெள்ளி பிரித்தெடுக்க எடைக்குப் போட்டார்கள். 2003 ஜனவரியில் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் நைட்ரேட் கிடங்கில் தீப்பிடித்தபோது, காப்பாற்றி வைத்ததாக நினைத்ததும் ஏராளமாகப் போயிற்று.

‘காளிதாஸ்’ கதையைப் பாருங்கள். 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியான முதல் தமிழ்ப் பேசும்படம் என்று பள்ளிக்கூடப் பிள்ளையும் ஒப்பிக்கும். படம் இல்லை. இசைத்தட்டு இல்லை. பாட்டுப் புத்தகம்கூடக் கிடைக்கவில்லை. பிறகு எப்படித்தான் அதைப் பற்றி இவ்வளவு பேசுகிறோம்? கதாநாயகி டி.பி.ராஜலட்சுமி தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் பதில் சொன்னார், பம்பாயில் ‘ஆலம் ஆரா’வுக்குப் போட்ட அரங்கிலேயே படம்பிடித்தார்கள், காளிதாசன் கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் ராட்டினப் பாட்டு ஒன்று வந்தது. இதெல்லாம் காகிதத்திலிருந்து வந்தவை. சுதேசமித்திரன் செய்தியும், ஆனந்த விகடனில் கல்கி எழுதிய விமர்சனமும், அவற்றைப் பின்னாளில் தூசு தட்டி எடுத்துப் படித்தவர்களின் புத்தகங்களும் இல்லாவிட்டால், தமிழ் சினிமாவின் பிறந்தநாளே நமக்குத் தெரிந்திருக்காது. பார்த்தால் போதும் என்பவர்கள் ‘காளிதாஸை’ எங்கே பார்ப்பார்கள்?

புதுக்கோட்டைக்காரர்களுக்கு இந்த வாதம் புதிதாக இருக்க வேண்டியதில்லை. குடுமியான்மலையில் பாறையில் வெட்டிய இசைக் கல்வெட்டு இருக்கிறது. ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படுவது, ஏழு இராகங்களுக்கான சுரக் கோவைகளைக் கொண்டது. அந்த இசையை இன்று உயிரோடிருக்கும் எவரும் கேட்டதில்லை. ஆனாலும், “பாட்டு கேட்கிறதுக்குத்தானே, கல்வெட்டு எதற்கு?” என்று இந்த மாவட்டத்தில் யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. 1929இலேயே தன் கல்வெட்டுகளைத் தொகுத்து அச்சிட்ட சமஸ்தானம் இது. கே.ஆர்.வெங்கடராம ஐயரைக் கொண்டு தனக்கென்று விரிவான வரலாற்றுக் கையேடும் போட்டுக்கொண்டது. கோயிலுக்கும் ஏரிக்கும் கொடுத்த அந்த மரியாதையை, அதே ஊரிலிருந்து புறப்பட்டுப் போன நாடகக்காரர்களுக்கும் நடிகர்களுக்கும் கொடுக்க நமக்கு மனம் வரவில்லை. ஜெமினி கணேசன் இந்த ஊரில் 1920இல் பிறந்தவர் என்பதைப் பொது அறிவுக் கேள்வியாக்கியதோடு கடமை முடிந்துவிட்டது.

சரி, படம் கைக்குக் கிடைக்கிறது என்றே வைத்துக்கொள்வோம். கே.சுப்பிரமணியத்தின் ‘தியாக பூமி’ (1939) தப்பிப் பிழைத்த படம். பாபநாசம் சிவன் சம்பு சாஸ்திரியாகவும், எஸ்.டி.சுப்புலட்சுமி சாவித்திரியாகவும் நடித்ததைப் பார்க்கலாம், பாட்டுகளைக் கேட்கலாம். கல்கியின் கதை அதே சமயத்தில் விகடனில் படத்தின் புகைப்படங்களோடு தொடராக வந்ததைப் படம் சொல்லுமா? காங்கிரஸ் மந்திரிசபை ராஜினாமா செய்தபின், 1940இல் வெள்ளைக்கார அரசு அதற்குத் தடை போட்டதைச் சொல்லுமா? அதைக் கோப்புகளிலிருந்து தோண்டி எடுத்துப் பின்னணியோடு சொன்னவர் சு.தியடோர் பாஸ்கரன். அவர் சினிமா ஆள் அல்லர், அஞ்சல் துறை அதிகாரி. 1981இல் க்ரியா வெளியிட்ட ‘தி மெசேஜ் பேரர்ஸ்’ என்ற அவருடைய ஆங்கில நூல், 1880 முதல் 1945 வரை தென்னிந்திய நாடகமும் சினிமாவும் தேசிய இயக்கத்தோடு எப்படிப் பிணைந்திருந்தன என்று காட்டியது. தமிழ் சினிமாவில் அரசியல் ‘பராசக்தி’யில்தான் தொடங்கியது என்று மேடைக்கு மேடை முழங்குகிறவர்கள் அந்தப் புத்தகத்தைப் புரட்டியிருந்தால் கொஞ்சம் குரலைத் தாழ்த்தியிருப்பார்கள்.

‘பராசக்தி’யைப் பார்க்கிறவருக்கு நீதிமன்ற வசனம் கிடைக்கும். 1952இல் அந்தப் படத்தைத் தடைசெய்யச் சொல்லி எழுந்த கூச்சல் திரையில் கிடைக்காது. அதை எழுதி வைத்தவர் எம்.எஸ்.எஸ்.பாண்டியன். திரையில் ஏழைப் பங்காளனாக நின்ற எம்.ஜி.ஆரின் பிம்பத்தையும் கோட்டையில் நடந்த ஆட்சியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்த ‘தி இமேஜ் ட்ராப்’ (1992) அவருடையதுதான். அதை மறுக்கலாம், கோபப்படலாம். ஆனால் எம்.ஜி.ஆர். படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்து மட்டும் அந்தச் சண்டைக்குள் நுழைய முடியாது. மதுரையின் ஏழைக் குடியிருப்புகளில் தங்கி, சினிமா பார்க்கிறவர்களிடமே பேசிப் புத்தகம் எழுதியவர் அமெரிக்க மானுடவியலாளர் சாரா டிக்கி. படம் தன்னைப் பார்த்தவர்களைப் பதிவு செய்துகொள்வதில்லை. கீரனூரிலும் பொன்னமராவதியிலும் டூரிங் கொட்டகையில் தரை டிக்கெட்டுக்கு மணலைக் குவித்து உட்கார்ந்த கூட்டம் எந்தச் சுருளிலும் இல்லை.

சினிமாவைப் படிப்பதென்றால் வரும் இந்த இளக்காரத்துக்குப் பழைய காரணம் ஒன்றும் உண்டு. சினிமா பற்றிய எழுத்தென்றாலே மஞ்சள் பத்திரிகை என்ற நாற்றம் 1940களிலேயே ஒட்டிக்கொண்டது. லட்சுமிகாந்தன் ‘சினிமா தூது’, ‘இந்து நேசன்’ என்று நடத்திய பத்திரிகைகள் நட்சத்திரங்களின் அந்தரங்கத்தை விற்றன. 1944இல் அவர் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் எம்.கே.தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கிருஷ்ணனும் சிறைக்குப் போய் 1947இல்தான் வெளியே வந்தார்கள். அதன் பிறகு, சினிமாவை எழுதுகிறவன் கிசுகிசு எழுதுகிறவன் என்று ‘கௌரவமான’ வீடுகளில் முடிவாயிற்று. எண்பது ஆண்டு கழிந்தும் அந்த முடிவை மறுபரிசீலனை செய்ய யாருக்கும் நேரமில்லை.

புத்தகங்கள் மேலும் குற்றமில்லை என்று சொல்ல முடியாது. தமிழில் வரும் சினிமா நூல்களில் பாதிக்கு மேல் படிக்கத் தகுதியற்றவை. நட்சத்திரத் துதி, முன்னுரையில் நான்கு பிரமுகர்கள், உள்ளே பத்திரிகைத் துணுக்குகளின் வெட்டி ஒட்டல், ஒரு புத்தகத்தின் பிழை அடுத்த பத்துக்கும் தொற்றுவது, அடைவோ ஆதாரமோ இல்லாதது. ‘முதல்’ பைத்தியம் தனி நோய்: முதல் இரட்டை வேடம், முதல் வண்ணப்படம், முதல் கட்-அவுட். எதனால், யாருடைய பணத்தில், எந்தச் சந்தைக்காக என்று அடுத்த கேள்வி வராது. அந்தப் பழைய நினைப்பே இந்தச் சீரழிவை வளர்க்கிறது என்பதுதான் கொடுமை. படிக்க ஒன்றுமில்லை என்று நினைக்கும் வாசகனுக்கு, ஒன்றுமில்லாத புத்தகத்தைப் பதிப்பாளர் கூசாமல் போடுகிறார்.

ஆனால் தனி ஆட்களாக நின்று உழைத்தவர்கள் இருக்கிறார்கள். ‘நாடோடி மன்னன்’ காலத்திலிருந்து மக்கள் தொடர்பாளராக இருந்த ஃபிலிம் நியூஸ் ஆனந்தன், புகைப்படமும் துண்டுப் பிரசுரமுமாகச் சேர்த்த களஞ்சியத்தைத் தமிழக அரசே வாங்கியது. ஆண்டுவாரியாக அவர் கொடுத்த விவரங்கள் ‘சாதனைகள் படைத்த தமிழ்த் திரைப்பட வரலாறு’ என்று 2004இல் நூலாயின. வழக்கறிஞரான ராண்டார் கை பழைய படங்களைப் பற்றி ஆங்கில நாளேட்டில் வாராவாரம் எழுதினார். இவர்களுக்கெல்லாம் முன்னே நிறுத்த வேண்டிய ஒருவர், பேரிலேயே அறந்தாங்கியைச் சுமந்த அறந்தை நாராயணன். ‘தமிழ் சினிமாவின் கதை’யை நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் 1981இல் வெளியிட்டது. தியடோர் பாஸ்கரனின் ஆங்கில நூல் வந்த அதே ஆண்டு. ‘சுதந்திரப் போரில் தமிழ் சினிமா’, ‘திராவிடம் பாடிய திரைப்படங்கள்’ என்ற அவருடைய மற்ற நூல்களின் தலைப்புகளே, அவர் நட்சத்திரங்களை அல்ல, காலத்தை விசாரிக்கப் போனவர் என்று காட்டிவிடும். பல்கலைக்கழகப் பதவி, ஆராய்ச்சி நிதி என்ற பின்பலத்தோடு வந்த ஆங்கில ஆய்வுகள் மேற்கோளாகி மேற்கோளாகி வாழ்கின்றன. அறந்தை நாராயணன் அவற்றின் அடிக்குறிப்பில் எட்டிப் பார்க்கிறார். அவருடைய மாவட்டத்திலேயே அவரைத் தெரிந்தவர்களைவிடச் சின்னப்பாவின் வீட்டுக் கதையைத் தெரிந்தவர்கள் அதிகம்.

“படிக்கிறவன் விமர்சகனாவான், படம் எடுக்கிறவனுக்கு எதற்கு?” என்பது அதே நினைப்பின் கோடம்பாக்கத்துப் பதிப்பு. பிரெஞ்சுப் புதிய அலை எங்கே தொடங்கியது? 1951இல் ஆரம்பித்த ‘கையே து சினிமா’ என்ற பத்திரிகையின் பக்கங்களில். த்ரூஃபோ 1954இல் அதில் எழுதிய தாக்குதல் கட்டுரைக்குப் பிறகு ஐந்தாண்டு கழித்துத்தான் அவர் இயக்கிய ‘400 அடிகள்’ படம் வந்தது. கோதார், ரோமர் எல்லோரும் முதலில் எழுதியவர்கள். கல்கத்தாவில் சத்யஜித் ராய் 1947இல் நண்பர்களோடு ஃபிலிம் சொசைட்டி தொடங்கிவிட்டு, எட்டாண்டு கழித்து ‘பதேர் பாஞ்சாலி’யைக் கொடுத்தார்.

அவ்வளவு தூரம் போக வேண்டாம். புதுக்கோட்டைக்குப் பக்கத்திலேயே காரைக்குடி இருக்கிறது. அழகப்பா கல்லூரியில் எம்.ஜி.ஆர். விருந்தினராக வந்திருந்த விழாவில், தமிழ் சினிமாவின் அபத்தங்களை அவர் முன்னாலேயே பிட்டு வைத்துப் பேசினார் ஒரு மாணவர். எம்.ஜி.ஆர். கோபப்படாமல் பாராட்டிவிட்டுப் போனார். அந்த மாணவர் பின்பு பத்திரிகையாளராகிச் சினிமா விமர்சனம் எழுதினார், ‘துக்ளக்’கில் வேலை பார்த்தார். உமாசந்திரன் நாவலிலிருந்து ‘முள்ளும் மலரும்’ (1978), புதுமைப்பித்தனின் ‘சிற்றன்னை’யின் தூண்டுதலில் ‘உதிரிப்பூக்கள்’ (1979) என்று எடுத்த மகேந்திரன் அவர்தான். தமிழில் வித்தியாசமான படம் என்று இன்றைக்கும் பெருமையோடு காட்டப்படும் இரண்டு படங்களும், எழுத்தை மேய்ந்து வளர்ந்த ஒரு மனிதரிடமிருந்து வந்தவை.

புதுக்கோட்டை திருக்கோகர்ணத்தில் பா.கிருஷ்ணமூர்த்தி, டோரதி கிருஷ்ணமூர்த்தி தம்பதி சொந்தப் பணத்தில் வளர்த்த ஞானாலயா ஆய்வு நூலகம் இருக்கிறது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட நூல்கள், முதல் பதிப்புகள், பழைய இதழ்கள் எல்லாம் அங்கே உண்டு. சமஸ்தானக் காலத்துத் தர்பார் கோப்புகள் தனியே உள்ளன. கொட்டகை வாசலில் அணாக் கணக்கில் விற்ற, ‘மீதியை வெள்ளித்திரையில் காண்க’ என்று கதைச் சுருக்கத்தைப் பாதியில் நிறுத்தும் பாட்டுப் புத்தகங்கள் இன்னும் எத்தனையோ வீட்டுப் பரண்களில் கிடக்கும். எடைக்குப் போடும் முன் யாராவது கேட்டு வாங்க வேண்டும். அவற்றிலிருந்து எழுத வேண்டிய புத்தகத்துக்குக் கேள்விகள் தயாராகவே இருக்கின்றன. சங்கரதாஸ் சுவாமிகளின் நாடக மரபிலும், எம்.ஜி.ஆரும் இருந்த மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியிலும் பயின்ற சின்னப்பா, மேடைப் பாட்டிலிருந்து திரைப் பாட்டுக்கு எதைக் கொண்டுபோனார்? வீடு வாங்கத் தடை என்ற அந்த உத்தரவு உண்மையிலேயே போடப்பட்டதா? 1948 மார்ச்சில் இந்தியாவோடு இணையும் வரை புதுக்கோட்டை தனி சமஸ்தானம். அப்படியென்றால், சென்னை ராஜதானியில் ‘தியாக பூமி’க்குப் போட்ட தடை எல்லைக்கு இந்தப் பக்கம் செல்லுபடியானதா, தர்பார் தானாக ஓர் ஆணை பிறப்பித்ததா? படத்தை எத்தனை முறை ஓட்டிப் பார்த்தாலும் அதற்கு விடை கிடைக்காது. கோப்புக் கட்டின் முடிச்சை அவிழ்க்க ஆள் வேண்டும்.