நாடக வசனத்தை ஸ்டேஷனில் காட்ட வேண்டுமா?

நம்ம களமருதூர்ப் பிள்ளைகள் வீதி நாடகம் போடப் போகிறார்கள். "கதையை எழுதி முதலில் ஸ்டேஷனில் காட்டுங்கள்" என்று சிலர் அவர்களைப் பயமுறுத்துகிறார்கள். சொல்கிறவர்களில் என்னிடம் படித்தவர்களும் உண்டு. அதனால்தான் எழுதுகிறேன்.

மைக்குக்கு அனுமதி வாங்குவது வேறு, வசனத்துக்கு வாங்குவது வேறு. இரண்டாவது, 1876-இல் வெள்ளைக்காரன் போட்ட நாடகச் சட்டத்தின் புத்தி. தடை செய்த நாடகத்தில் நடித்தால் 3 மாதம் வரை சிறை. தடையை மீறி உட்கார்ந்து பார்த்தவனுக்கும் அதே சிறை!

வெள்ளைக்காரன் போனான், புத்தி போகவில்லை. எம்.ஆர். ராதாவின் ராமாயண நாடகத்தை அடக்க 1954-இல் நம்மவர்களே ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். மனுஷன் கைதானார், அடங்கவில்லை. அவர் கருத்தை ஏற்பதும் மறுப்பதும் உங்கள் பாடு. பிடிக்காவிட்டால் எழுந்து போகலாமே, லாக்கப் எதற்கு?

அந்தச் சட்டத்தை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போனவர் பரீக்ஷா நாடகக் குழுவை நடத்திய ஞாநி. அதன் முக்கியப் பிரிவுகள் செல்லாது என்று 2013 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. 1876 சட்டத்தையும் பிறகு நாடாளுமன்றம் நீக்கிவிட்டது.

சட்டமே கேட்காததை நீங்கள் ஏனப்பா கேட்கிறீர்கள்? "நாடகத்தில் அரசியல் எதற்கு" என்று வேறு! கூத்தில் கட்டியங்காரன் ராஜாவையே கிண்டலடிப்பதைப் பார்த்து விடிய விடியச் சிரித்தவர்கள்தானே நாம்? அவன் எந்த ஸ்டேஷனில் வசனம் காட்டினான்?

காக்கி உடுத்திய என் மாணவர்களே, நாடகத்தன்று குடும்பத்தோடு வாருங்கள். முன்வரிசையில் பாய் போடச் சொல்கிறேன்.