பின்வரிசைப் பிள்ளை

வாணி விழாவில் சரஸ்வதி வேடம் யாருக்குக் கிடைக்கும், பிரதம விருந்தினருக்கு மாலை போட யாரை நிறுத்துவார்கள் என்பதெல்லாம் வன்னிப் பாடசாலைகளில் பிள்ளைகளுக்கு முதலே தெரியும். கறுவல், கறுப்பி என்று கூப்பிடப்படும் பிள்ளை சொல்லாமலே பின்வரிசைக்குப் போய்விடும். பிறகு அதே பிள்ளையைப் பிடித்து, தாழ்வு மனப்பான்மை கூடாது என்று புத்தி சொல்கிறோம்.

1940களில் அமெரிக்காவின் கறுப்பின உளவியலாளர்களான கென்னத் கிளார்க்கும் அவர் மனைவி மேமியும் சிறுவர் முன் வெள்ளைப் பொம்மையையும் கறுப்புப் பொம்மையையும் வைத்து, எது நல்லது என்று கேட்டார்கள். கறுப்பினப் பிள்ளைகளில் பெரும்பாலானோர் வெள்ளைப் பொம்மையே நல்லது என்றார்கள். 1954இல் பாடசாலை நிறப்பிரிவினை பற்றிய பிரவுண் வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் கிளார்க்கின் எழுத்தையும் சான்றாகக் குறிப்பிட்டது. பிள்ளைகளுக்குத் தன்னம்பிக்கை வகுப்பு வையுங்கள் என்று நீதிபதிகள் சொல்லவில்லை. பாடசாலைகளில் நிறப்பிரிவினை செல்லாது என்றார்கள்.

எங்களிடம் நிறம் தனியே வருவதில்லை. இரணைமடுத் தண்ணீர் பாயும் வயலில் கூலிக்குக் களை பிடுங்குகிறவரை வெயில் கறுக்க வைக்கிறது. வயற்காரர் நிழலில் நிற்கிறார். 1977 வன்செயலுக்குப் பின் மலையகத்திலிருந்து வந்து வவுனியாவிலும் கிளிநொச்சியிலும் குடியேறிய குடும்பங்களின் பிள்ளைகள், நிறத்தோடு ஊரையும் சாதியையும் சேர்த்தே கேட்டு வளர்கிறார்கள். கறுப்பு என்று சொல்லிவிட்டால் மற்ற இரண்டையும் வாய்விட்டுச் சொல்லத் தேவையில்லை. பெரியவர்களுக்கு அது எவ்வளவு வசதி!

சாமத்தியவீட்டுக்குத் திகதி வைத்ததும் பிள்ளையை வெளுக்க வைக்கக் கிரீம் வாங்குகிறார்கள். இந்தியாவில் 1975இல் வந்த ஃபெயார் அன்ட் லவ்லி, 2020இல் பெயரை மாற்றிக்கொண்டு இன்னமும் விற்கிறது. அதைவிட எனக்குப் பயம், யார் இறக்கியது என்ற விபரமே இல்லாத டப்பாக்களில்தான். வெளுக்க வைக்கும் கிரீம்கள் சிலவற்றில் பாதரசம் கலந்திருக்கும். அது மெலனின் உருவாவதைத் தடுக்கும், சிறுநீரகத்தையும் கெடுக்கும். காரணம் முழுதாகப் பிடிபடாத சிறுநீரக நோய் ஏற்கெனவே வவுனியாக் கிராமங்களில் இருக்கிறது, அதற்குமேல் இதுவுமா? நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபை இந்தக் கடைகளுக்குள் அடிக்கடி நுழைய வேண்டும். கிரீம் வெளுக்காததைப் படப்பிடிப்பாளர் அல்பத்தில் வெளுத்துக் கொடுக்கிறார். தன் படத்தில் தன்னையே காணாத பிள்ளை, எதை ஏற்றுக்கொள்வது?

மாற்றம் அதிபரின் அறையில் தொடங்கலாம். பிள்ளையை நிறம் சொல்லிக் கூப்பிடும் ஆசிரியரை அழைத்து விளக்கம் கேட்க எந்தச் சுற்றறிக்கைக்கும் காத்திருக்க வேண்டியதில்லை.