சாவைக் காட்டிப் புத்தகம் விற்பவர்கள்

சுயமுன்னேற்ற நூல்கள் அடுக்கிய மேசையில், பணக்காரனாவது எப்படி என்று சொல்லும் நூல்களுக்குப் பக்கத்திலேயே இப்போது வேறொரு வகை இடம் பிடித்திருக்கிறது. சீக்கிரம் சாகப்போகிறாய், நேரம் ஓடுகிறது, மிச்சமிருக்கும் நாளை முழுசாக அனுபவி என்று விரட்டும் வகை. ஆலிவர் பர்க்மன் 2021இல் ஆங்கிலத்தில் எழுதிய நூலின் பெயரே ‘நாலாயிரம் வாரங்கள்’. எண்பது வயது வாழ்கிறவருக்கு ஏறக்குறைய அவ்வளவுதான் கிடைக்கும் என்பது கணக்கு. அதற்கு முந்தைய ஆண்டு பில் பெர்கின்ஸ் என்ற முதலீட்டு நிதிக்காரர், கையில் பைசா மிச்சம் வைக்காமல் சாகவேண்டும் என்று ஒரு நூல் எழுதினார். பர்க்மனைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும்: எல்லாவற்றையும் செய்து முடித்துவிடலாம் என்ற ஆசையை விடச் சொல்பவர் அவர், இந்தக் கூட்டத்தில் யோக்கியமானவர். ஆனால் அவர் புத்தியைக் கேட்டவர்களைவிட அவர் எண்ணைப் பிடித்துக்கொண்டவர்கள்தான் அதிகம். வாரத்துக்கு ஒரு கட்டம் என்று வாழ்நாளையே அச்சடித்துச் சுவரில் ஒட்டி, கழிந்த கட்டங்களுக்குக் கறுப்பு மை பூசுகிறார்கள்.

சாவை நினைத்துக்கொண்டே இருந்தால் நன்றாக வாழ்வோம். இதுதான் இந்த நூல்கள் ஊட்டும் நம்பிக்கை. பாதி பொய், மீதிப் பாதி, வசதி உள்ளவர்களுக்கு மட்டும் செல்லுபடியாகும் உண்மை.

ஸ்டீவ் ஜாப்ஸ் 2005இல் ஸ்டான்ஃபோர்டு பட்டமளிப்பு விழாவில் சொன்னதைக் கேட்காத கல்லூரி மாணவர் இருக்க மாட்டார். இன்று என் கடைசி நாளாக இருந்தால் இன்று செய்யவிருப்பதைச் செய்வேனா என்று தினமும் காலையில் கண்ணாடி முன் நின்று கேட்டுக்கொள்வாராம். இதை ஒருவர் நிஜமாகவே கடைப்பிடித்தால் என்ன ஆகும்? கரண்ட் பில் கட்ட மாட்டார். பல் டாக்டரிடம் போக மாட்டார். தென்னம்பிள்ளை வைக்க மாட்டார். பத்தாம் வகுப்பு விடைத்தாள்களைத் திருத்திக்கொண்டு எந்த ஆசிரியரும் உட்கார்ந்திருக்க மாட்டார். இவ்வளவு ஏன், ஜாப்ஸ் அப்படிப் பேசிய ஆண்டில் அவருடைய நிறுவனமே 2007இல்தான் வெளிவரப்போகும் கைப்பேசிக்காக உழைத்துக்கொண்டிருந்தது. கடைசி நாளில் எவரும் அந்த வேலையைத் தொட மாட்டார்கள். நாளைக்கும் இருப்போம், நாம் இல்லாவிட்டாலும் வேறு யாராவது இருப்பார்கள் என்று நம்புகிறவர்கள் செய்யும் வேலை அது.

அடுத்தது மரணப் படுக்கை வாக்குமூலம். ஆஸ்திரேலியாவில் இறுதிக்கால நோயாளிகளைப் பராமரித்த பிரானி வேர், அவர்களுடைய ஐந்து பெரிய வருத்தங்களை எழுதினார், உலகமே வாசித்தது. அதில் ஒன்று, இவ்வளவு கடுமையாக உழைத்திருக்க வேண்டாம் என்பது. தாம் கவனித்துக்கொண்ட ஆண்கள் அத்தனை பேரும் இதைச் சொன்னதாக அவர் எழுதியிருக்கிறார். அவர் பொய் சொன்னார் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அது ஒரு பராமரிப்பாளரின் நினைவுக் குறிப்பு, ஆய்வு ஆகாது. வருந்திய அந்த மனிதர், குறைவாக உழைத்த வாழ்க்கையையும் ஒரு தடவை வாழ்ந்து பார்த்துவிட்டா ஒப்பிட்டார்? ஓவர்டைம் பார்க்காமல் இருந்திருந்தால் மகளின் படிப்பு நின்றிருக்கும், வீட்டுக் கடன் வட்டியோடு வளர்ந்திருக்கும். படுக்கையில் கிடக்கும்போது அந்தக் கணக்கு நினைவுக்கு வருவதில்லை, ஏனென்றால் அந்தக் கடனெல்லாம் அடைந்துவிட்டது. அவர் உழைத்ததால்தான் அடைந்தது.

ஸ்டான்ஃபோர்டிலேயே உளவியல் பேராசிரியராக இருக்கும் லாரா கார்ஸ்டென்சன் பல ஆண்டுகளாக ஆராய்ந்து சொன்னது இன்னும் முக்கியம். இருக்கும் காலம் கொஞ்சம் என்று உணரும்போது மனிதர்களின் விருப்பமே மாறுகிறது. புது ஆட்களையும் புதுப் படிப்பையும் விட்டுவிட்டு, பழகிய நெருங்கிய சிலரிடம் திரும்புகிறார்கள். எண்பது வயதில் அது நிம்மதி தரும், நல்லதுதான். இருபத்தைந்து வயதுப் பையனுக்கு அதே மனநிலையை வலிந்து ஏற்றிவிட்டால்? கற்கவேண்டிய வயதில் அவனை ஓய்வுக்கு அனுப்புவதாகாதா?

இந்த வியாபாரம் இன்று தொடங்கியதல்ல. மூல முதலாளி ரோமாபுரியின் செனக்கா. வாழ்வின் குறுமை பற்றி அவர் எழுதிய சிறுநூலைத்தான் இன்றைய எழுத்தாளர்கள் திரும்பத் திரும்பப் படியெடுக்கிறார்கள். அது யாருக்கு எழுதப்பட்டது என்பதை மட்டும் அவர்களில் பலர் சொல்வதில்லை. பவுலினஸ் என்பவருக்கு. ரோம் நகரத்துக்கே தானியம் வழங்கும் துறையின் தலைமை அதிகாரி அவர். கோதுமை களஞ்சியத்துக்குச் சேதமில்லாமல் வருகிறதா, ஈரம் பட்டுக் கெடுகிறதா, அளவு சரியா என்று பார்ப்பது வேலை. இதையெல்லாம் விட்டுவிட்டு மேலான சிந்தனைக்கு வாருங்கள், வாழ்நாள் வீணாகிறது என்கிறார் செனக்கா. அதே நூலில், கலிகுலா மன்னன் இறந்தபோது நகரத்தில் ஏழெட்டு நாளுக்கே தானியம் இருந்தது என்று அவரே எழுதுகிறார். அப்படிப்பட்ட ஊரில் தானிய அதிகாரி தத்துவம் படிக்கப் போய்விட்டால் மூட்டையை எண்ணுவது யார்? செனக்காவுக்கு அந்தக் கவலை இல்லை. ரோமின் பெரும் செல்வர்களில் ஒருவர் அவர். நீரோவின் ஆசிரியராக, ஆலோசகராக அரண்மனையிலேயே இருந்தவர்.

நாம் வாழும் வாரங்கள் பவுலினஸ்கள் கொடுத்தவை. இந்தியா விடுதலையடைந்தபோது சராசரி ஆயுள் 32 ஆண்டு அளவில் இருந்தது. இன்று 70 அளவில் இருக்கிறது. அம்மை குத்தியவர்கள், குடிநீரில் குளோரின் கலந்தவர்கள், கிராமம் கிராமமாகப் பிரசவம் பார்த்த செவிலியர்கள் சேர்ந்து நம் கணக்கில் ஏற்றிய ஆண்டுகள் அவை. 1971இல் வங்காள எல்லையில் பன்காவ் அகதி முகாமில் காலரா பரவியது. நரம்பில் ஏற்றும் மருந்து தீர்ந்துகொண்டிருந்தது. உப்பும் சர்க்கரையும் கலந்த நீரைக் குடிக்கக் கொடுத்தே ஆயிரக்கணக்கானவர்களைக் காப்பாற்றினார் டாக்டர் திலிப் மஹாலனாபிஸ். ஆளுக்கு எத்தனை ஆயிரம் வாரம் அவர் கொடுத்தார்! அவர் பெயர் தெரிந்தவர்கள் நம்மில் எத்தனை பேர்?

நிலையாமையை நம் முன்னோரும்தானே பாடினார்கள் என்று கேட்பார்கள். பாடினார்கள், யாருக்கு, எதற்கு என்று பார்க்க வேண்டும். பத்துப்பாட்டிலேயே நீளமான மதுரைக்காஞ்சி, 782 அடி, தலையாலங்கானத்தில் வென்ற நெடுஞ்செழியனுக்கு மாங்குடி மருதனார் சொன்னது. போர் மேல் போர் என்று போய்க்கொண்டிருந்த அரசனுக்கு, உலகம் நிலையாதது, போதும் என்பது அதன் உட்கிடை. வள்ளுவர் நிலையாமை அதிகாரத்தைத் துறவறவியலில் வைத்தார்; இல்லறத்தானுக்குச் சொன்ன அதிகாரங்கள் விருந்தோம்பல், ஒப்புரவு, ஈகை. நம் மரபில் சாவைக் காட்டியது ஆசையை அடக்க, பிறருக்குக் கொடுக்க வைக்க. இன்றைய நூல்களோ சாவைக் காட்டி, பாராசூட்டில் குதி, ஐஸ்லாந்துக்குப் போ, இன்னும் இன்னும் என்று ஆசையைக் கிளப்புகின்றன. இரண்டையும் ஒன்றென்று சொல்பவர்கள் இரண்டையும் வாசிக்காதவர்கள்.

நாலாயிரம் கட்டத்துக்குள் அடங்காத வேலை எவ்வளவோ இருக்கிறது. தமிழ் அகராதியையே எடுத்துக்கொள்ளுங்கள். யாழ்ப்பாணத்தில் சொல் திரட்டத் தொடங்கிய பாதிரியார் ஜோசப் நைட் வேலை முடிவதற்குள் இறந்துபோனார். அவர் சேர்த்தது கைமாறி வின்சுலோவிடம் வந்து, 1862இல் 67,000 சொற்களுக்கு மேல் கொண்ட பெரிய அகராதியாக வெளிவந்தது. இரண்டே ஆண்டில், ஊர் திரும்பும் வழியில் தென்னாப்பிரிக்காவில் வின்சுலோ இறந்தார். அதைத் திருத்தி விரிவாக்க விரும்பிய ஜி.யு. போப் 1908இல் காலமானார். 1913இல் சாண்ட்லர் பொறுப்பேற்றுத் தொடங்கிய புதிய பேரகராதி, அவர் கையையும் கடந்து, வையாபுரிப் பிள்ளை காலத்தில் 1936இல் ஆறு தொகுதிகளாக முடிந்தது. இதில் யாராவது ஒருவர் தம் ஆயுளைக் கட்டம் போட்டுப் பார்த்திருந்தால், இது என் காலத்தில் முடியாது என்று ஊட்டிக்குக் காற்று வாங்கப் போயிருப்பார்.

எனக்கு மிகுந்த கோபம் வருவது வேறொரு இடத்தில். நேரம் போதாமை உன் மனக்கோளாறு, உன் முன்னுரிமைகளைச் சரிசெய் என்று இந்த நூல்கள் வாசகன் தலையிலேயே பழியைப் போடுகின்றன. பெரும்பாலோருக்கு அவர்களுடைய நேரம் அவர்கள் கையில் இல்லை; சம்பளம் கொடுப்பவர் கையில் இருக்கிறது. பெரம்பூர் பக்கிங்காம் கர்நாட்டிக் ஆலைத் தொழிலாளர்களுக்கு அரை மணி நேரம்தான் சாப்பாட்டு இடைவேளை. அதை 40 நிமிடமாக்குங்கள் என்று கேட்கவே ஒரு சங்கம் தேவைப்பட்டது. செல்வபதி செட்டியாரும் இராமானுஜலு நாயுடுவும் முன்முயற்சி எடுக்க, வாடியா தலைமையில், திரு.வி.க. துணையோடு 1918 ஏப்ரல் 27இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. கூடுதலாகப் பத்து நிமிடம் வேண்டி! 1923இல் சிங்காரவேலர் சென்னைக் கடற்கரையில் மே தினக் கூட்டம் நடத்தினார். வாரம் 48 மணி நேரம் என்ற வரம்பு இப்படிப் போராடி வந்தது. எந்த ஊரிலும் காலை ஐந்து மணிக்கு எழுந்து நாட்குறிப்பு எழுதியதால் அது வரவில்லை.

அந்த வரம்பும் பத்திரமாக இல்லை. 2023 ஏப்ரலில் 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் திருத்தத்தை நம் சட்டமன்றமே நிறைவேற்றியது. எதிர்ப்பு கிளம்பிய பிறகுதான் மே தினத்தன்று திரும்பப் பெறுவதாக அறிவித்தார்கள். அதே ஆண்டு நாராயண மூர்த்தி வாரத்துக்கு 70 மணி நேரம் உழைக்கச் சொன்னார். 2025 ஜனவரியில் எல் அண்ட் டி தலைவர் சுப்பிரமணியன் 90 மணி நேரம் என்றார். துணிக்கடையிலும் நகைக்கடையிலும் நாள் முழுக்க நிற்கும் பெண்கள் உட்கார நாற்காலி போடவேண்டும் என்பதற்கே 2021இல் தனிச் சட்டத் திருத்தம் தேவைப்பட்டது. அந்தப் பெண்ணிடம் போய் நாலாயிரம் வாரம் என்று சொல்லிப் பாருங்கள். வார விடுமுறை எந்தக் கிழமை என்று கேட்பாள்.

ஆண்டு விழாவில் ஊழியர்களுக்கு இந்தப் புத்தகங்களைப் பரிசாகக் கொடுக்கும் முதலாளிகளே, அந்தக் காசை மிச்சம் பிடியுங்கள். அதற்குப் பதிலாக அவர்களை மாலை ஆறு மணிக்கு வீட்டுக்கு அனுப்புங்கள்.