ஜனாஸாவுக்குக் கூடும் ஊர், நோயாளிக்கும் கூட வேண்டும்

அமெரிக்காவைச் சேர்ந்த ஜெசிகா ஸிட்டர், தீவிர சிகிச்சைப் பிரிவு மருத்துவர். இனி குணமாக வாய்ப்பில்லாத நோயாளிகளையும் கருவிகளில் பிணைத்து வைப்பது சரிதானா என்ற கேள்வி அவரை நோய் ஆதரவுச் சிகிச்சை (பாலியேட்டிவ் கேர்) பக்கம் திருப்பியது. பிறகு அவரே கேமராவைக் கையில் எடுத்தார். 2020இல் வெளிவந்த அவரது 'கேர்கிவர்: எ லவ் ஸ்டோரி' ஆவணப்படம், கடைசி நாட்களை வீட்டில் கழிக்க விரும்பிய ஒரு புற்றுநோயாளியைப் பற்றியது. ஆனால், படம் நோயாளியை மட்டும் பார்க்கவில்லை. இரவு பகலாக அவரைப் பராமரித்த கணவர் எப்படிக் களைத்துப் போகிறார் என்பதையும் காட்டுகிறது.

இது அமெரிக்காவின் பிரச்சினை மட்டுமல்ல. செஞ்சிக்கு அருகில் உள்ள அவலூர்பேட்டை போன்ற ஊர்களில் ஒருவருக்குப் புற்றுநோய் முற்றினால், முண்டியம்பாக்கம், திருவண்ணாமலை, சென்னை என்று குடும்பம் அலைகிறது. "இனி வீட்டிலேயே வைத்துப் பாருங்கள்" என்று மருத்துவர் சொன்ன பிறகு பாரம் முழுவதும் மனைவி, மகள், மருமகள் தலையில் விழுகிறது. படுக்கைப் புண்ணை எப்படிச் சுத்தம் செய்வது, நள்ளிரவில் வலி வந்தால் என்ன கொடுப்பது என்று அவர்களுக்குச் சொல்லித் தர ஆளில்லை.

நோய் ஆதரவுச் சிகிச்சை என்றால் உயிரைப் பறிப்பது என்று பலர் அஞ்சுகின்றனர். அது மரணத்தை விரைவுபடுத்துவதும் இல்லை, தள்ளிப்போடுவதும் இல்லை. வலியையும் அவதியையும் குறைக்கிறது. உலகில் இது தேவைப்படுவோரில் சுமார் 14 சதவீதம் பேருக்கே கிடைப்பதாக உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது. கடும் வலிக்குரிய மார்ஃபின், 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டக் கெடுபிடிகளால் நம் நாட்டு நோயாளிகளுக்கு எட்டாமல் போனது. 2014இல்தான் அச்சட்டம் திருத்தப்பட்டு வழி எளிதானது.

அண்டை மாநிலமான கேரளா இதில் முன்னோடி. 1993இல் டாக்டர் எம்.ஆர். ராஜகோபால், டாக்டர் சுரேஷ்குமார் ஆகியோர் கோழிக்கோட்டில் தொடங்கிய முயற்சி, முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் மலப்புரத்தில் மக்கள் இயக்கமாக வளர்ந்தது. வியாபாரிகளும் மாணவர்களும் சிறுதொகை தந்தனர். பயிற்சி பெற்ற தன்னார்வலர்கள் செவிலியருடன் வீடு வீடாகச் சென்றனர். 2008இல் கேரள அரசு இதற்கெனத் தனிக் கொள்கையே வகுத்து, ஊராட்சிகளையும் பொறுப்பாக்கியது.

தமிழகத்தில் 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கப்பட்ட 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டிலேயே நோய் ஆதரவுச் சேவையும், இயன்முறை சிகிச்சையும் அடங்கும். ஆனால், எப்போதாவது வந்து போகும் செவிலியர் மட்டும் போதாது. மீதமுள்ள நாட்களில் அந்த வீட்டுக்குத் துணை யார்?

நம் மஹல்லாக்களில் ஒரு மவுத் செய்தி கேட்டால் சில மணி நேரத்தில் எல்லாம் தயாராகிவிடும். குளிப்பாட்ட ஆள், கபன் துணி, சந்தூக், குழி வெட்ட இளைஞர்கள் என்று எதற்கும் குறை இருக்காது. அதற்கு முந்தைய ஆறு மாதங்களில் அந்த வீட்டுக் கதவைத் தட்டியவர்கள் எத்தனை பேர்? நோயாளியை நலம் விசாரிப்பது நம்மீதுள்ள கடமை என்பதை ஜும்ஆ மேடைகளில் அடிக்கடி கேட்கிறோம். விசாரிப்போடு நின்றுவிடாமல், ஓர் இரவு கண்விழிக்க ஆள் அனுப்பலாம். ஜமாஅத் சார்பில் காற்றுப் படுக்கை, சக்கர நாற்காலி வாங்கி வைக்கலாம். ஆண்களும் பெண்களுமாகச் சிலரைப் பயிற்சிக்கு அனுப்பலாம்.

இதற்குப் பெரிய கட்டடமோ, பெரும் நிதியோ தேவையில்லை. படுத்திருப்பவர் யார், அவரைப் பார்ப்பவர் யார் என்ற ஒரு பட்டியலிலிருந்து தொடங்கினால் போதும்.