நிமாய் கோஷ் வீணாகவில்லை

அண்மையில் ஓர் இதழ் திரைப்பட இயக்குநரும் ஒளிப்பதிவாளருமான நிமாய் கோஷுக்கு இரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தது. அதில் அச்சாகியிருந்த படம், சத்யஜித் ராயைப் பல்லாண்டுகள் புகைப்படமெடுத்த இன்னொரு நிமாய் கோஷுடையது. அவசரப் பிழை என்று அதை விட்டுவிடலாம். 'சின்னமூல்' என்ற வங்கப் படத்தை எடுத்த கலைஞர் சென்னைக்கு வந்து தொழிற்சங்கத்தில் வீணாகிப்போனார் என்று முடித்திருக்கிறார்களே, அதை விட முடியாது.

ராயின் 'பதேர் பாஞ்சாலி'க்கு ஐந்தாண்டுகள் முன்பே, 1950இல், 'சின்னமூல்' படத்துக்காகக் கல்கத்தாவின் சியால்தா ரயில் நிலையத்தில் குவிந்து கிடந்த பிரிவினை அகதிகளையே கேமராவுக்குள் கொண்டுவந்தவர் அவர். வீட்டுத் தூணைக் கட்டிக்கொண்டு, வரமாட்டேன் என்று கதறும் கிழவியைப் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள். பின்னாளில் இயக்குநரான ரித்விக் கட்டக் அந்தப் படத்தில் நடித்தார். சோவியத் இயக்குநர் புதோவ்கின் பார்த்து வியந்தார்.

சென்னைக்கு வந்தபின் அவர் கலை நின்றுவிட்டதா? 1960இல் 'பாதை தெரியுது பார்' இயக்கினார். எம்.பி. சீனிவாசனின் இசை, ஜெயகாந்தனின் பாடல், கதையின் நடுவே தொழிலாளர்கள். கன்னடத்தில் 1975இல் வந்த 'ஹம்சகீதே'யின் ஒளிப்பதிவும் அவருடையதே.

ஆனால் நாம் வாதாட வந்தது இந்தப் பட்டியலுக்காக அல்ல. சீனிவாசனோடு சேர்ந்து திரைத் தொழிலாளர் அமைப்புகளைக் கட்டியதும் அவரது படைப்புதான். சியால்தாவில் அகதியின் முகத்தைக் கண்ட அதே கண், கோடம்பாக்கத்தில் லைட்மேனையும் செட் ஆசாரியையும் கண்டது. இதில் கலைஞன் எங்கே முடிந்தான், சங்கக்காரன் எங்கே தொடங்கினான்? படைப்பாளி செத்துவிட்டான் என்று தொண்ணூறுகளில் முழங்கிய சிற்றிதழ் உலகம், சினிமா என்றதும் இயக்குநரை மட்டும் கருவறையில் வைத்துக் கும்பிடுகிறது. வெளிப் பிரகாரத்தில் விளக்குத் தூக்குகிறவனுக்கு அதன் அழகியலில் இடமில்லை.

இதைச் சென்னையை அடுத்த செம்பரம்பாக்கத்திலிருந்து எழுதுகிறோம். 2020 பிப்ரவரியில் இங்கே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கிரேன் சரிந்து மூன்று பேர் இறந்தார்கள். யூனிட் வண்டிகள் இன்றும் விடியுமுன் இந்தச் சாலையில்தான் போகின்றன. அவற்றில் போகிறவர்களின் கூலியையும் உயிரையும் பற்றிக் கேள்வி கேட்க ஓர் அமைப்பு இருக்கிறதென்றால், அதற்கு அடித்தளமிட்டவர்களில் ஒருவர் நிமாய் கோஷ்.

திரைப்பட இயக்கங்களுக்கு ஒரு வேண்டுகோள்: இவ்வாண்டு 'சின்னமூல்' திரையிடுங்கள். முன்வரிசையை விமர்சகர்களுக்கு ஒதுக்காமல், சங்க அட்டை வைத்திருக்கும் தொழிலாளர்களை அழைத்து உட்காரவையுங்கள்.