வளைவுகூட மிஞ்சாத எழுத்து

சேலத்திலிருந்து ஏற்காடு அடிவாரம் நோக்கிப் போகும் சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவாயில் வளைவு இன்னும் நிற்கிறது. படப்பிடிப்புத் தளங்கள் மறைந்துவிட்டன. ஆயினும் அங்கே உருவான 'மந்திரி குமாரி'க்கு (1950) வசனம் எழுதியவர் கலைஞர் என்பதைப் படம் பார்க்காதவரும் அறிவர். சினிமாவுக்கு எழுதிய ஆண்களுக்கு வரலாறு வாய்த்தது.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. அதன் முதல் பத்தாண்டுகளில் நாடகம் எழுதிய பெண்கள் யார்? இலக்கியம் பேசும் நம்மில் எத்தனை பேரால் தயங்காமல் ஒரு பெயரைச் சொல்ல முடியும்? இதை மறதி என்று சொல்லித் தப்பிக்க முடியாது. இது இளக்காரம். வீட்டுக்கூடத்தில் பெண்கள் பார்ப்பது, பெண்கள் எழுதுவது, ஆகவே இலக்கியமாகாது என்ற முடிவை விவாதமே இன்றி எடுத்துவிட்டோம்.

இந்தியில் நடந்ததைப் பாருங்கள். 'மகாபோஜ்' நாவலை எழுதிய மன்னு பண்டாரி, 1985இல் தூர்தர்ஷனில் ஒளிபரப்பான 'ரஜனி' தொடருக்குத் திரைக்கதை எழுதினார். தனிப்பயிற்சிக்கு வரச்சொல்லி மாணவரை நிர்ப்பந்திக்கும் ஆசிரியரை எதிர்த்து ஓர் இல்லத்தரசி போராடும் பகுதி, பதினொன்றாம் வகுப்பு இந்திப் பாடநூலில் இடம்பெற்றது. நாவலாசிரியை தொலைக்காட்சிக்கு எழுதியதால் அவர் தரம் தாழ்ந்துவிட்டதாக அந்நூலைத் தொகுத்தவர்கள் நினைக்கவில்லை.

ஜப்பானில் தொலைக்காட்சி 1953இல் தொடங்கியது. அதன் தொடக்கக் காலத்திலேயே எழுத வந்தவர் முகோதா குனிகோ. குடும்ப நாடகங்களால் புகழ்பெற்ற அவருக்கு 1980இல் சிறுகதைகளுக்காக நவோக்கி பரிசு கிடைத்தது. மறு ஆண்டு தைவானில் நேர்ந்த விமான விபத்தில் இறந்தார். 1982இல் அவர் பெயரால் ஒரு விருது நிறுவப்பட்டது. அது தொலைக்காட்சி நாடக எழுத்துக்கான விருது என்பதைக் கவனிக்க வேண்டும்.

தொலைக்காட்சி எழுத்து அவசரத்தில் பிறப்பது, பலர் கைபட்டுக் கலங்குவது என்பார்கள். கல்கியும் வாராவாரம் கெடுவுக்குள்தான் எழுதினார். பலர் கைபடாமல் எந்த நாடகமும் மேடையேறுவதில்லை. பெரும்பாலானவை குப்பை என்றால், அச்சில் வருவனவற்றிலும் பெரும்பாலானவை அப்படித்தான். பொறுக்கியெடுப்பதுதானே விமர்சகர் வேலை? படிக்காமலே ஒதுக்குவதை ரசனை என்று சொல்லக்கூடாது.

இயல், இசை, நாடகம் என்று மூன்றாகத் தமிழைப் பிரித்துப் பெருமைப்படுபவர்கள் நாம். ஒளிபரப்பாகி முடிந்த நாடகத்துக்கு, அதன் எழுத்துப்படியைத் தவிர வேறு நிச்சயமான சாட்சி கிடையாது. எழுதியவர்களில் பலர் இன்று முதுமையில் இருப்பார்கள். அவர்கள் வீட்டுப் பரணில் இருக்கும் தாள்களைக் கேட்டு வாங்கி, இதழுக்கு ஒன்றாவது அச்சிட வேண்டும். அஞ்சலிக் கட்டுரை எழுதும் ஆர்வத்தில் பாதி இதற்குப் போதும்.