பொம்மை சுழலட்டும், விமானி பிழைக்கட்டும்!

அமெரிக்காவில் லாங்லி ஆராய்ச்சி நிலையத்தில் 1941-ல் ஒரு காற்றுக் கூண்டு கட்டினார்கள். அகலம் 20 அடி. உள்ளே காற்று கீழிருந்து மேல்நோக்கி வீசும். ஒருவர் ஓரத்தில் நின்று, கையில் உள்ள சிறிய விமானத்தைச் சுழற்றி உள்ளே வீசுவார். அது கீழே விழாது. அந்தரத்தில் பம்பரம் போல் சுற்றும்!

"படித்த பெரியவர்கள் பொம்மை வைத்து விளையாடுகிறார்களே!" என்று சிரிக்கத் தோன்றும். ஆனால் இது விளையாட்டு அல்ல. விமானிகளின் உயிர் சம்பந்தப்பட்ட காரியம்.

விமானம் மூக்கை அளவுக்கு மீறித் தூக்கினால், இறக்கைக்குக் காற்றின் பிடி போய்விடும். ஒரு பக்கம் அதிகமாகப் பிடி விட்டால் விமானம் சுழன்றுகொண்டே விழும். அந்தக் காலத்தில் இதில் சிக்கியவர்கள் பிழைப்பது அபூர்வம். 1912 ஆகஸ்டு 25-ந் தேதி, இங்கிலாந்தில் வில்பிரட் பார்க் என்ற கடற்படை விமானி சிக்கினார். தரை நெருங்கிவிட்டது. சுழலுக்கு எதிர்ப்பக்கம் சுக்கானை மிதித்தார். விமானம் நிமிர்ந்தது!

எல்லா விமானமும் அப்படி நிமிராது. எது நிமிரும், எது நிமிராது என்று ஒரு மனிதனை அனுப்பியா பார்ப்பது?

எடையில் இருக்கிறது சூட்சுமம்

மாதிரி விமானம் அழகாக இருந்தால் போதாது. எடை தவறினால் அது பொய் சொல்லும். 25-ல் ஒரு பங்கு நீளத்தில் மாதிரி செய்வதாக வைத்துக்கொள்வோம். எடையும் 25-ல் ஒரு பங்கா? இல்லை. நீளம், அகலம், உயரம் மூன்றும் குறைகின்றன. ஆகவே 15,625-ல் ஒரு பங்கு! 15,625 கிலோ விமானத்துக்கு மாதிரி 1 கிலோதான். (உயரே காற்று லேசானது. அதற்குத் தக்கபடி எடையைக் கொஞ்சம் கூட்டுவார்கள்.) அந்த எடையும் மூக்கு, இறக்கை, வால் என்று சரியாகப் பரவி இருக்க வேண்டும். ஈயத் துண்டு வைத்துச் சரிக்கட்டுவார்கள்.

சிறியது 5 மடங்கு வேகமாகச் சுழலும். ஆகவே படம் பிடித்து, மெதுவாக ஓட்டிப் பார்ப்பார்கள்.

கம்ப்யூட்டர் இருக்கும்போது இந்தச் செலவு எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. அது சரியல்ல. சுழலும் விமானத்தைச் சுற்றிக் காற்று தாறுமாறாக ஓடுகிறது. அதைக் கணக்கில் பிடிப்பது கஷ்டம். செலவைத்தான் பாருங்களேன். 1973-ல் எப்-15 போர் விமானத்துக்கு, 8-ல் 3 பங்கு அளவில் மாதிரி செய்து வானத்தில் பறக்கவிட்டார்கள். விமானி தரையில் உட்கார்ந்தே ஓட்டினார். மாதிரியின் விலை சுமார் 2½ லட்சம் டாலர். அசல் விமானமோ 68 லட்சம் டாலர்! மாதிரி நொறுங்கினால் பணம்தான் போகும்.

மாதிரி சொல்வதெல்லாம் வேதவாக்கும் அல்ல. சிறிய இறக்கையில் காற்று கொஞ்சம் வேறுவிதமாக நடந்துகொள்ளும். கடைசியில் ஒரு மனிதர் அசல் விமானத்தில் ஏறிச் சுழன்று பார்க்கத்தான் வேண்டும். அப்போது விமானத்தின் வாலில் ஒரு பாராசூட் இருக்கும். சுழல் நிற்காவிட்டால் அதை விரிப்பார். அது எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுவது, அந்தப் பொம்மைதான்.